மற்றிங் விரித்த கப்டன்

ஞாயிற்றுக்கிழமை காலையில், பரிஸ் நகரத்து லாச்சப்பல் மெத்ரோ நிலையத்துப் படிகளில் நீளமான பச்சைக் கன்வஸ் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு ஒருவன் ஏறுகிறான் என்றால் அது யேசுரட்ணம்தான். எண்பத்தைந்து, எண்பத்தாறு காலம். அப்போது அந்தப் பகுதியில் தமிழ்க் கடைகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். வாய்களுக்கு மட்டும் குறைவில்லை. "என்ன அண்ணை, செய்ன் ஆத்திலை மீன் பிடிக்கவோ?" என்று ஒருவன் கேட்பான். பைக்குள்ளே துவக்கோ என்று இன்னொருவன் கேட்பான். ரிக்கற் பரிசோதகர்கள் இரண்டு தடவை பையைத் திறக்கச் சொல்லி, உள்ளே கிடந்த மட்டையைத் தட்டிப் பார்த்து, இது என்ன சாமான் என்று விசாரித்திருக்கிறார்கள். பிரெஞ்சுக்காரனுக்குக் கிரிக்கெற்றை விளங்கப்படுத்த யேசுரட்ணத்திடம் இருந்த பிரெஞ்சு காணாது. "ஸ்போர்" என்று ஒரு சொல்லைச் சொல்லுவான். அவர்களும் போதுமென்று விட்டுவிடுவார்கள்.

இந்த மனிதன்தான் பிறகு வெள்ளைக்காரர்களின் கிளப் ஒன்றுக்கு முதல் கறுத்தக் கப்டனாக வந்தவன். அதைப் பற்றி லாச்சப்பலில் ஆளுக்கொரு கதை வைத்திருக்கிறார்கள். வெள்ளைக்காரன் முகத்தில் தேத்தண்ணிக் கோப்பையை எறிந்தான் என்றுகூட ஒரு கதை உலாவுகிறது. சுத்தப் பொய். யேசுரட்ணம் ஒரு கோப்பையை எறிகிற ஆளா? நாளுக்கு நானூறு கோப்பை கழுவுகிறவனுக்குக் கோப்பையின் அருமை தெரியும். நடந்தது வேறு. அதைச் சொன்னால் வீரம் கொஞ்சம் குறையும். குறைந்தால் குறையட்டும், உள்ளதைச் சொல்லுவோம்.

யாழ்ப்பாணத்தில் ஒரு பெரிய கல்லூரி. பெயர் வேண்டாம். அதில் படித்தவர்கள் இங்கேயும் சங்கம் வைத்திருக்கிறார்கள், சண்டைக்கு வருவார்கள். யேசுரட்ணத்தின் தகப்பன் செபஸ்தியாம்பிள்ளைக்கு அந்தக் கல்லூரி மைதானத்தில் வேலை. புல் வெட்டுவது, எல்லைக்கோட்டுக்குச் சுண்ணாம்பு அடிப்பது, முக்கியமாக மற்றிங் விரிப்பது. அந்த நாளில் எங்கள் ஊர் மைதானங்களில் வெறும் தரையில் பந்து போடுவதில்லை. நடுவில் உருளை ஓட்டி இறுக்கிய களிமண்ணின் மேல் தும்புப்பாய் விரித்து ஆடுவார்கள். அந்தப் பாய்தான் மற்றிங். விரிப்பதில் ஒரு கை இருக்கிறது. ஒரு தலைப்பை ஆணி அறைந்து நிறுத்திவிட்டு, மறு தலைப்பை அலவாங்கால் நெம்பி இழுத்து, பிறகு நடுவிலிருந்து இரண்டு பக்கமும் ஆணி இறக்கிக்கொண்டு போக வேண்டும். எங்கேயாவது நான்கு விரல் அகலத்துக்குத் தளர்ந்திருந்தால் பந்து அந்த இடத்தில் குத்தி மூக்குக்கு வரும். செபஸ்தியாம்பிள்ளை விரித்த மற்றிங்கில் ஒருவனுக்கும் மூக்கு உடையவில்லை.

யேசுரட்ணம் பாதிரியார் ஒருவரின் தயவில் அங்கேயே படித்தான். பதினெட்டு வயதில் கல்லூரி அணியில் அவனை மிஞ்ச ஆளில்லை. எழுபத்து நான்காம் ஆண்டு கப்டன் அவன்தான் என்று பெடியள் எல்லாரும் பேசிக்கொண்டார்கள். அறிவித்தபோது ஒரு டொக்டரின் மகனின் பெயர் வந்தது. ஏன் என்று எவரும் சொல்லவில்லை, யேசுரட்ணமும் கேட்கவில்லை. மைதானக்காரனின் மகன் நடுவில் நடந்துபோய்க் காசு சுண்டுவதா? அதை வாய்விட்டுச் சொன்னால்தானா விளங்கும்?

சாப்பாட்டுக் கதை இன்னும் மோசம். மச் நாட்களில் மண்டபத்துக்குள் நீள மேசை போட்டு அணிக்கு மத்தியானச் சாப்பாடு கொடுப்பார்கள். அவன் முதல் தடவை ஆடிய அன்று மேசையைச் சுற்றிப் பத்துக் கதிரைதான் கிடந்தது. உனக்கு இல்லை என்று ஒருவரும் சொல்லவில்லை. மற்றவர்கள் எல்லாரும் கதிரைகளில் இருந்த பிறகு அவன் சாப்பாட்டுக் கோப்பையோடு நின்றான். கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு வெளியே வந்து, வேப்பமரத்துக்குக் கீழே உருளையில் இருந்து சாப்பிட்டுக்கொண்டிருந்த தகப்பனின் பக்கத்தில் போய் இருந்தான். தகப்பன் தள்ளி இடம் விட்டார். அடுத்த மச்சுக்கு அவன் மண்டபத்துப் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்காமல் நேரே மரத்தடிக்குப் போனான். அதற்குப் பிறகு அது பழகிவிட்டது.

அதை ஒருத்தி பார்த்துக்கொண்டிருந்தாள். கல்லூரிக் கந்தோர்க் கிளாக்கரின் மகள் லூசியா. மச் என்றால் கொப்பியும் பென்சிலும் கொண்டுவந்து, ஸ்கோர் எழுதுகிறவர்களுக்குப் பின்னால் இருந்து தானும் எழுதுவாள். அவளுடைய கொப்பியில் ஓட்டங்களுக்குப் பக்கத்தில் மத்தியானச் சாப்பாடும் ஏறியது. "யே. வெளியில்" என்று குறித்து வைத்திருந்தாள். எட்டு வருசம் கழித்து அவளையே அவன் கலியாணம் முடித்தான். கிழமைநாள் காலைப் பூசை, பத்துப் பேர்கூட வரவில்லை, அவளுடைய தமையன்மார் கோயில் வாசலை மிதிக்கவில்லை. அந்தக் கொப்பியை அவள் கலியாணத்துக்குப் பிறகுதான் காட்டினாள். அவனுக்குக் கண் கலங்கிவிட்டது. அவள் சிரித்துக்கொண்டு சொன்னாள்: "ஒரு நாளைக்கு நீங்கள் கப்டனாய் நடுவுக்குப் போய்க் காசு சுண்ட வேணும். அதையும் நான் பாத்து எழுத வேணும்."

எண்பத்து மூன்று வந்தது. ஆடியில் தமிழருக்கு எதிராக நடந்த கலவரத்தை எல்லாரும் அறிவார்கள். அடுத்த தையில் யேசுரட்ணம் வெளிக்கிட்டான். ஆறு மாதத்தில் உன்னைக் கூப்பிடுகிறேன் என்று லூசியாவிடம் சொல்லிவிட்டுத்தான் வெளிக்கிட்டான். அந்த ஆறு மாதம் நாலரை வருசமாகியும் முடியவில்லை.

பரிசில் ரூ பிலிப்-து-ஜிரார் என்ற தெருவில் ஐந்தாம் மாடி. ஒரு அறை, ஏழு பேர், நான்கு மெத்தை. ஸ்டாலின்கிராட் மெத்ரோப் பக்கம் ஒரு றெஸ்ரோறன்ட் குசினியில் கோப்பை கழுவும் வேலை. மத்தியானம் மூன்று மணிக்கு வேலை ஓயும், மறுபடி ஆறு மணிக்குத் தொடங்கும். அந்த மூன்று மணித்தியாலம் அறையில் ஒருவரும் இருக்கமாட்டார்கள். யேசுரட்ணம் கதவைச் சாத்திவிட்டு லூசியாவின் கசற்றைப் போடுவான். அந்த நாளில் கடிதத்தைவிடக் கசற்தான் எங்களுக்கு உயிர். கொழும்புக்குப் போகிறவர், வருகிறவர் கையில் கொடுத்துவிடுவது. அவளுடைய குரலுக்குப் பின்னால் கிணற்றுக் கப்பி கிறீச்சிடும், யாரோ சைக்கிள் மணி அடிப்பார்கள். பிறகு அவள், "இஞ்சாருங்கோ, கேக்கிறியளே?" என்பாள். ஓம் என்று அவன் வெறும் அறைக்குள் பதில் சொல்லுவான். அவள் குரலைக் கேட்கக் கேட்க அவளைப் பார்க்க வேண்டும் என்ற ஆசை கூடியதே தவிரக் குறையவில்லை. சில நாள் பாதியில் நிறுத்திவிட்டு முகத்தை மூடிக்கொண்டு இருப்பான்.

அவனுக்கு அகதிக் காட் எண்பத்தாறில் கிடைத்தது. அவளைக் கூப்பிட ஒரு பத்திரம் கொடுத்தால் இன்னொரு பத்திரம் கேட்டார்கள். அதை ஊரிலிருந்து எடுக்க முயன்றால் பாதை பூட்டு. பாதை திறந்தால் கந்தோர் பூட்டு. இப்படியே போனது.

மைதானத்தைக் கண்டுபிடித்தது அல்பிரட். மன்னார் ஆள், அதே குசினியில் மரக்கறி வெட்டுகிறவன், வாய் ஓயாதவன், ஊரில் விக்கெற் கீப்பராக இருந்தவன். எண்பத்தைந்து சித்திரையில் வேறு வேலை கேட்டு மேற்குப் புறநகர் ஒன்றுக்கு ரயிலில் போனவன், யன்னலால் வெள்ளை உடுப்புப் போட்ட ஆட்களைக் கண்டான். வேலையும் வேண்டாம் ஒன்றும் வேண்டாம் என்று அடுத்த ஸ்ரேசனில் இறங்கித் திரும்பி நடந்து போய்ப் பார்த்துவிட்டு வந்தான். "மச்சான், கிரிக்கெற்" என்று மூச்சு வாங்கிக்கொண்டு சொன்னான். அடுத்த ஞாயிறு இரண்டு பேரும் போனார்கள்.

அது ஆங்கிலேயர்களின் கிளப். வங்கி, தூதரகம், பள்ளிக்கூடம் என்று பரிசில் வேலைபார்த்தவர்கள், ஒன்றிரண்டு அவுஸ்திரேலியர்கள். மைதான ஓரத்தில் மரப்பலகையால் கட்டிய ஒரு வீடு, அதற்கு முன்னால் ஒரு செஸ்நட் மரம், மரத்தடியில் ஒரு பழைய உருளை. யேசுரட்ணம் வேலிக்கு வெளியே நின்று பார்த்தான். அவனுடைய கண் ஆட்டத்தில் நிற்கவில்லை, மற்றிங்கில் நின்றது. அங்கேயும் மற்றிங்தான். ஆனால் அதை விரித்திருந்த சீர்! ஒரு பக்கம் அலை அலையாய்க் கிடந்தது. பந்து குத்தி ஒருவனின் தாடையில் பட்டது. பிறகு இன்னொருவனின் விரலில் பட்டது. யேசுரட்ணத்தால் பொறுக்க முடியவில்லை. இடைவேளைக்கு எல்லாரும் உள்ளே போனதும் வேலியைத் தாண்டிப் போய், ஆணிகளைப் பிடுங்கி, கிடந்த இரும்புக் கம்பியால் தலைப்பை நெம்பி இழுத்து, அல்பிரட்டை மறுபக்கம் பிடிக்கச் சொல்லி, இருபது நிமிடத்தில் தட்டினால் மேளம்போலச் சத்தம் வருகிற மாதிரி இறுக்கிவிட்டான்.

வெளியே வந்தவர்கள் இரண்டு கறுப்பர்கள் மைதானத்தைக் கிண்டுகிறார்கள் என்று சத்தம் போட்டார்கள். அவர்களில் ஒரு கிழவர், எப்போதும் பழைய வைக்கோல் தொப்பி போட்டிருப்பவர், குனிந்து மற்றிங்கை உள்ளங்கையால் தடவிப் பார்த்தார். அவர்தான் கிளப்பின் செயலாளர். நம்மவர்கள் அவருக்குத் தொப்பியர் என்று பெயர் வைத்தார்கள். அடுத்த கிழமையும் வர முடியுமா என்று அவர் கேட்டார். யேசுரட்ணத்துக்குப் பள்ளிக்கூட ஆங்கிலம் இருந்தது. வரலாம் என்றான்.

அப்படித்தான் போனது, தகப்பன் செய்த அதே வேலைக்கு. மற்றிங் விரிக்கப் போனவனை ஆள் குறைந்த ஒரு நாள் களத்தடுப்புக்கு நிறுத்தினார்கள். இன்னொரு நாள் பத்தாவது ஆளாகத் துடுப்பெடுக்கவிட்டார்கள், நாற்பத்தெட்டு அடித்துவிட்டு வந்தான். இரண்டு வருசத்தில் லாச்சப்பல் ஆட்கள் ஐந்து பேர் அந்த அணியில் ஆடினார்கள். ஆடினார்களே தவிர உறுப்பினர் இல்லை. உறுப்பினராக வேண்டுமானால் இரண்டு உறுப்பினர் முன்மொழிய வேண்டும், செயற்குழு சம்மதிக்க வேண்டும், அதுவரை ஒரு மண்ணிறத் தோலுக்கும் சம்மதித்ததில்லை. உறுப்பினர் அல்லாதவர்களுக்குத் தேத்தண்ணி வெளியே என்று அறிவிப்புப் பலகையில் ஒட்டியிருந்தது. அல்பிரட் அதை ஒவ்வொரு கிழமையும் வாசித்துவிட்டுத் தூஷணம் சொல்லுவான். யேசுரட்ணம் பலகைப் பக்கம் திரும்பமாட்டான். நேரே செஸ்நட் மரத்தடிக்குப் போய் உருளையில் இருந்து, கொண்டுபோன பாண் துண்டையும் கட்டைச் சம்பலையும் பிரிப்பான்.

எண்பத்தெட்டு வைகாசியில் கிளப்பின் கப்டனுக்கு ஹொங்கொங்குக்கு மாற்றம் வந்தது. அடுத்த கப்டன் யார் என்று செயற்குழு கூடியது. உள்ளே நடந்ததைத் தொப்பியர் ஒளிக்காமல் சொன்னார். யேசுரட்ணத்துக்கு நான்கு கை ஆதரவு, மூன்று கை எதிர்ப்பு. தன் பிள்ளைகளிடம் என்ன சொல்லுவது என்று ஒருவர் கேட்டாராம். இரண்டு வருசமாகக் களத்தில் ஆட்களை நிறுத்துவது யேசுரட்ணம்தான், கப்டன் தலையை மட்டும் ஆட்டினார் என்று சொல்லுங்கள் என்று தொப்பியர் பதில் சொன்னாராம். எதிர்த்தவர்களில் ஒருவர் பையைத் தூக்கிக்கொண்டு போனார், பிறகு வரவேயில்லை. கப்டன் உறுப்பினராக இருக்க வேண்டும் என்று விதி இருந்தபடியால் யேசுரட்ணத்துக்கு மட்டும் ஒரு படிவம் நீட்டினார்கள். அவன் கையெழுத்து வைத்தான். மற்ற நான்கு பேரும் பழையபடி வெளியேதான்.

யேசுரட்ணத்துக்கு அந்த நேரம் வேறு யோசனை. காசு சுண்டப் போகிறோம், லூசியா பார்க்க வேண்டும் என்று சொன்னாளே, எப்படிக் காட்டுவது? படம் எடுத்து அனுப்பலாம். ஆனால் படத்தில் காசு நிற்கும், விழாது. அவளுக்கு அந்தச் சத்தம் கேட்க வேண்டும், நடுவர் யார் வென்றது என்று சொல்வது கேட்க வேண்டும், அவன் குரல் அதற்குள் இருக்க வேண்டும். கசற்தான் வழி. அவனிடம் இருந்த பெட்டி பாட்டுப் போடும், பதியாது. நகரசபைக் கந்தோரில் வேலைபார்த்த மர்கரீத் அக்காவிடம் போனான். புதுச்சேரிக்காரி, லாச்சப்பல் ஆட்களின் பத்திரங்களை நிரப்பிக் கொடுக்கிறவள், லூசியாவைக் கூப்பிடும் பத்திரமும் அவள் கையால் நிரப்பியதுதான். அவளிடம் கைப்பிடி வைத்த சின்னப் பதிவுப் பெட்டி ஒன்று இருந்தது. புது பற்றரி போட்டுத் தந்தாள்.

ஆனி மாதம், இரண்டாவது ஞாயிறு. இன்னொரு புறநகர் கிளப்போடு மச். யேசுரட்ணம் விடியவே போய் மற்றிங்கை விரித்தான். கப்டன் மற்றிங் விரிப்பதா என்று அல்பிரட் கேட்டதற்கு, வேறு யார் ஒழுங்காய் விரிப்பார்கள் என்று கேட்டான். பிறகு உடுப்பை மாற்றிக்கொண்டு, தலையை இழுத்துச் சீவிவிட்டு, நடுவுக்கு நடந்தான்.  அல்பிரட் பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டு பின்னால் நடந்தான். ஐந்து பிராங்க் காசு மேலே போனது, மற்றிங்கில் விழுந்தது. எதிரணிக் கப்டன் கேட்டது விழவில்லை. நடுவர் யேசுரட்ணத்தைப் பார்த்தார். முதலில் துடுப்பெடுக்கிறோம் என்று அவன் ஆங்கிலத்தில் சொன்னான். பெட்டிக்குக் கேட்க வேண்டும் என்று கொஞ்சம் பலத்துச் சொன்னான். பதினான்கு வருசம் காத்திருந்த வேலை அரை நிமிடத்தில் முடிந்துவிட்டது. லூசியா அவள் கொப்பியோடு எல்லைக்கோட்டில் இருந்திருந்தால் என்ன என்று நினைத்தான். ஒரு கணம் அந்தப் பக்கம் பார்த்தும்விட்டான். அங்கே எவரோ கட்டிவைத்த நாய் ஒன்றுதான் நின்றது.

நூற்றெழுபத்தெட்டு அடித்தார்கள். தேத்தண்ணி இடைவேளை வந்தது. மரவீட்டுக்குள் நீள மேசை போட்டு, வெள்ளரிக்காய் சான்விச்சும் கேக்கும் அடுக்கி, தலைமாட்டில் கப்டனுக்கென்று கைப்பிடி வைத்த கதிரை போட்டிருந்தார்கள். உறுப்பினர் அல்லாத நான்கு பேரைத் தவிர இரண்டு அணியும் உள்ளே போனது. யேசுரட்ணம் ஒரு சாப்பாட்டுக் கோப்பையில் சான்விச் இரண்டை எடுத்தான். அடுத்த பாதியில் யாரைப் பந்து போட விடுவது என்று மண்டைக்குள் ஓடிக்கொண்டிருந்தது. அப்படியே திரும்பி, கதவால் வெளியே வந்து, செஸ்நட் மரத்தடிக்குப் போய், அல்பிரட்டின் பக்கத்தில் உருளையில் இருந்துவிட்டான்.

சத்தியமாக அவ்வளவுதான். எதிர்ப்பும் இல்லை, போராட்டமும் இல்லை. கால் போனது, ஆளும் போனான்.

உள்ளே இருந்தவர்களுக்கு அது எப்படித் தெரியும்? கப்டனின் கதிரை வெறுமையாகக் கிடந்தது.  தொப்பியர் எழும்பினார். கோப்பையை எடுத்துக்கொண்டு வெளியே வந்து, உருளையின் மறு நுனியில் இருந்தார். பிறகு பந்து போடுகிற அவுஸ்திரேலியன் ஒருவன் கேக் தட்டத்தையே தூக்கிக்கொண்டு வந்து புல்லில் வைத்தான். பிறகு ஒவ்வொருவராக வந்தார்கள். என்னவோ ஏதோ என்று பார்க்க வந்த எதிரணிக் கப்டனும் நிலத்தில் இருந்துவிட்டார். உள்ளே இரண்டே பேர்தான் மிஞ்சினார்கள். யேசுரட்ணம் நிமிர்ந்து பார்த்தபோது தன்னைச் சுற்றி இருபது பேர் கோப்பையோடு இருந்தார்கள். அவனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. வெயில் நல்லது என்று வந்திருக்கிறார்கள் என்று நினைத்தான்.

அல்பிரட்டுக்கு விளங்கிவிட்டது. அவன் பெட்டியைத் தூக்கி வைத்துக்கொண்டு, வானொலியில் மச் சொல்லுகிறவர்களைப்போல, யார் யார் வெளியே வருகிறார்கள், எங்கே இருக்கிறார்கள் என்று தமிழில் கத்திக் குழறத் தொடங்கினான். அப்போதுதான் பெட்டியைக் குனிந்து பார்த்தான். சிவப்புப் பொத்தான் மேலே நின்றது. பதிவதற்கு இரண்டு பொத்தானையும் சேர்த்து அமத்த வேண்டும். காலையில் அவன் ஒன்றைத்தான் அமத்தியிருந்தான். இப்போது இரண்டையும் அமத்திவிட்டு மறுபடி முதலில் இருந்து குழறினான்.

மச்சை வென்றார்கள். ரயிலில் வரும்போதுதான் அல்பிரட் உண்மையைச் சொன்னான். காசு சுண்டியது பதியவில்லை, தேத்தண்ணி மட்டும்தான் இருக்கிறது. யேசுரட்ணம் லாச்சப்பல் வரும்வரை யன்னலால் வெளியே பார்த்துக்கொண்டு வந்தான். இறங்கும்போது, "அவள் கேட்டது அது ஒண்டுதானே, அல்பிரட்" என்றான். அல்பிரட்டுக்குத் தூக்கி இரண்டு அறை விட்டிருந்தால்கூட இவ்வளவு நோகாது.

அடுத்த கிழமை கிளப்பின் மாதப் பத்திரத்தில் எழுதினார்கள். தன்னுடைய ஆட்கள் எல்லாருக்கும் இடம் கிடைக்கும்வரை தனக்கும் மேசை வேண்டாம் என்று கப்டன் மௌனமாக மறுத்துவிட்டார் என்று. ஆடியில் செயற்குழு கூடி விதியை எடுத்துவிட்டது. ஆடுகிற எல்லாரும் உள்ளே, எல்லாரும் உறுப்பினர். லாச்சப்பலில் கோப்பை எறிந்த கதை அன்றைக்குத்தான் பிறந்தது. யேசுரட்ணம் கூசிப்போனான். பெட்டியைத் திருப்பிக் கொடுக்கப் போன இடத்தில் மர்கரீத் அக்காவிடம் மட்டும் உண்மையைச் சொன்னான்: "நான் ஒண்டும் யோசிச்சுச் செய்யேல்லை அக்கா. பழக்கத்திலை போயிட்டன்." அவள் சிரித்துவிட்டு, "அதை வெளியில சொல்லாதே தம்பி. நாலு பேருக்கு நல்லது நடந்துபோச்சு, விடு" என்றாள்.

கசற்றை அனுப்புவதா விடுவதா என்று இரண்டு நாள் யோசித்தான். கொழும்புக்குப் போக ஒரு ஆள் இருந்தபடியால் அனுப்பினான். கடைசியில் தன் குரலில் இரண்டு வசனம் சேர்த்தான். காசு சுண்டினேன், ஆனால் பதியவில்லை, கோபிக்காதே.

அதற்குப் பிறகு ஆடி, ஆவணி முழுக்க ஞாயிறு தவறாமல் மச். அல்பிரட்டும் மற்றவர்களும் மரவீட்டுக்குள் கால்மேல் கால் போட்டு இருந்து கேக் தின்றார்கள். கதவைத் திறந்துவிட்ட மனிதன் மட்டும் உள்ளே போகவில்லை. மற்றிங்குக்குத் தண்ணீர் தெளிக்க வேண்டும் என்பான். ஒரு ஆணி கிளம்பியிருக்கிறது என்பான். தலைமாட்டில் கைப்பிடிக் கதிரை ஒவ்வொரு கிழமையும் வெறுமையாகக் கிடந்தது. அவனுக்கே தன் மேல் எரிச்சல் வந்தது. ஒரு நாள் வாசல் படி மட்டும் ஏறி, உள்ளே எல்லாரும் இருப்பதைப் பார்த்தான்.  திரும்பி வந்துவிட்டான்.

புரட்டாதி முதல் கிழமையில் லூசியாவின் கசற் வந்தது. மத்தியானம் மூன்றரைக்கு அறைக் கதவைச் சாத்திவிட்டுப் போட்டான். முதலில் கிணற்றுக் கப்பி கேட்டது. பிறகு அவள் தொண்டையைச் செருமினாள்.

"இஞ்சாருங்கோ, கேக்கிறியளே? காசு சுண்டினது கசற்றிலை விழேல்லை எண்டு நான் கோவிக்கேல்லை. அல்பிரட் அண்ணை குழறினதைக் கேட்டு இஞ்சை சனம் எல்லாம் உங்களைப் பெரிய வீரன் எண்டு கதைக்குது. எங்கடை பெரியண்ணையும் வந்து கேட்டிட்டுப் போனவர். நானும் ஓம் எண்டு சொல்லி வைச்சன். ஆனால் எனக்குத் தெரியும். நீங்கள் வீம்புக்கு வெளியிலை போகேல்லை. அந்த வேப்பமரத்துக்குக் கீழை போன மாதிரித்தான் போயிருக்கிறியள்."

கொஞ்ச நேரம் நாடா வெறுமனே ஓடியது. அவள் அழுகிறாளோ என்று யேசுரட்ணம் பெட்டியைக் காதோடு வைத்துக் கேட்டான். கப்பிச் சத்தம் நின்றிருந்தது.

"இனி உள்ளுக்கை போய் இருங்கோ. எனக்காக இருங்கோ. மாமா மரத்துக்குக் கீழை உங்களுக்கு இடம் விட்டார் எல்லே? நீங்கள் பக்கத்திலை எனக்கொரு கதிரை பிடிச்சு வையுங்கோ. போன கிழமை கொழும்பு எம்பசியிலையிருந்து கடிதம் வந்தது, இன்னும் ஒரு பத்திரம்தான் கேட்டிருக்கினம். எப்பிடியும் வந்திடுவன். வந்து இருக்கிறதுக்கு எனக்கு இடம் வேணும்."

அந்த ஞாயிறு வருசத்தின் கடைசி மச். தேத்தண்ணிக்கு எல்லாரும் உள்ளே போன பிறகு யேசுரட்ணம் மரத்தடியில் கொஞ்ச நேரம் நின்றான். பிறகு படியேறினான்.  அவன் தலைமாட்டுக் கைப்பிடிக் கதிரைக்குப் போகவில்லை. மேசையின் நடுவில் இரண்டு கதிரை சேர்ந்தாற்போல் வெறுமையாகக் கிடந்தன. ஒன்றில் தான் இருந்தான். காற்சட்டைப் பையிலிருந்து கைலேஞ்சியை எடுத்து, யாழ்ப்பாணம் பஸ் நிலையத்தில் இடம் பிடிக்க யன்னலால் எட்டிச் சீற்றில் போடுகிற மாதிரி, மற்றக் கதிரையில் விரித்துப் போட்டான். பிறகு சான்விச் ஒன்றை எடுத்துக் கடித்தான்.  எதிரே இருந்த அல்பிரட் கேக் தட்டத்தை அவன் பக்கம் தள்ளினான்.

எதிரணியில் பிந்திவந்த பெடியன் ஒருவன் கோப்பையோடு இடம் தேடிக்கொண்டு வந்து, அந்தக் கதிரையின் முதுகில் கையை வைத்தான். யேசுரட்ணம் கைலேஞ்சியின் மேல் உள்ளங்கையை வைத்தான். ஆங்கிலத்தில் என்ன சொல்வது என்று அவனுக்கு அந்த நேரம் வரவில்லை.

"ஆள் வருது" என்றான்.

பெடியன் அவனுடைய முகத்தைப் பார்த்தான். பிறகு தலையாட்டிவிட்டு வேறு கதிரை தேடிப் போனான்.